பாடகர் இல்லாத இடத்தில் யாரை நிறுத்துவது? ஆஃப்ரோபீட்ஸ் வாத்திய ட்ராக்குக்கு நான்கு வழிகள்

பீட் ரெடி. கிக் என்ற கனமான முரசு, ரிம் என்ற விளிம்புத் தட்டு, ஷேக்கர், பேஸ், மூன்று கார்டு (சேர்ந்து ஒலிக்கும் ஸ்வரங்கள்), எல்லாம் போட்டாகிவிட்டது. வேகம் 102 பிபிஎம், அதாவது நிமிடத்துக்கு 102 எண்ணிக்கை; ஸ்கேல் ஏ மைனர். முதல் எட்டு பார் (ஒரு பார் என்பது நான்கு எண்ணிக்கை) கேட்கும்போது தலை தானாக ஆடுகிறது. இருபத்தைந்தாவது பாரில் கை தானாக ஃபோனைத் தேடுகிறது. இரண்டு வாரமாக இதுதான் என் பிரச்சினை.

ஆஃப்ரோபீட்ஸ் என்பது நைஜீரியாவிலும் கானாவிலும் வளர்ந்த பாப் இசை. அதன் பீட் என்பதே யாரோ வந்து பாடப்போகிறார் என்று இடம் விட்டுச் செய்வதுதான். நைஜீரியாவின் லாகோஸில் செய்தாலும் கானாவின் அக்ராவில் செய்தாலும் லண்டனில் செய்தாலும் இதில் மாற்றம் இல்லை. கீழே பேஸும் கிக்கும், மேலே ஷேக்கர். மனிதக் குரல் உட்காரும் நடுப்பகுதியைச் சும்மா விட்டுவிடுவார்கள். பாடகர் இருந்தால் அது புத்திசாலித்தனம். நான் செய்வதோ வாத்தியம் மட்டும் உள்ள ட்ராக். 102இல் நான்கு பார் கொண்ட சுற்று ஏறக்குறைய 9.4 வினாடி. மூன்று நிமிடத்தில் அதே மூன்று கார்டு 19 முறை வந்து போகும். ஒருவர் பாடிக்கொண்டிருந்தால் இதை யாரும் எண்ண மாட்டார்கள். பாட்டு இல்லையென்றால் ஆறாவது சுற்றிலேயே எண்ணத் தொடங்கிவிடுவார்கள்.

ஆக, கேள்வி ஒன்றுதான். பாடகர் நிற்க வேண்டிய இடத்தில் யாரை நிறுத்துவது? கிட்டார், சாக்ஸபோன், லாக் டிரம், டாக்கிங் டிரம் என்று நான்கையும் இதே பீட்டின் மேல் வைத்துப் பார்த்தேன். கார்டை மாற்றினால் மூட் மாறும் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். கார்டு மாறவே இல்லை, நான்கு முறையும் நான்கு வேறு ட்ராக்குகள் கிடைத்தன.

அதற்கு முன் ஒரு விஷயம். லூப் (திரும்பத் திரும்ப ஓடும் ஒலித்துண்டு) தேடும்போது எல்லோரும் இடறும் இடம் இது. ஆஃப்ரோபீட் வேறு, கடைசியில் 'ஸ்' சேர்ந்த ஆஃப்ரோபீட்ஸ் வேறு. முதலாவது ஃபேலா குட்டியும் அவருடைய டிரம்மர் டோனி ஆலனும் லாகோஸில் 1970 வாக்கில் உருவாக்கியது. பெரிய பேண்ட், பித்தளை வாத்தியங்கள், பத்து நிமிடத்துக்கு மேல் ஓடும் பாட்டு, அரசியல். இரண்டாவது 2000க்குப் பிறகு நைஜீரியாவிலும் கானாவிலும் கம்ப்யூட்டரில் வளர்ந்த பாப் இசை. மூன்று நிமிடம், காதல், நடனம். பெயரில் ஓர் எழுத்துதான் வித்தியாசம். லூப் தொகுப்பை மாற்றி இறக்கிவிட்டால் ஒரு நாள் போய்விடும், எனக்குப் போயிருக்கிறது.

அடித்தளத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன், நான்கு வழிக்கும் அது பொது. ஒரு பாரைப் பதினாறு அடியாகப் பிரித்தால் ரிம் விழும் இடங்கள் 1, 4, 7, 11, 13. க்ளாவே என்று சொல்லும் தாளம் இது. நம் சொற்கட்டில் சொன்னால் தகிட, தகிட, தகதிமி, தக, தகதிமி. ஒவ்வொரு சொல்லின் முதல் எழுத்திலும் ஒரு தட்டு. வாயால் இரண்டு நிமிடம் சொல்லிப் பழகிவிட்டு மவுஸைத் தொட்டால் பாதி வேலை முடிந்தது. ஷேக்கர் பதினாறு அடியிலும் ஓடும், ஆனால் எல்லா அடியும் ஒரே பலத்தில் இருந்தால் தையல் மெஷின் சத்தம்தான் வரும். ஒன்று பலமாக, ஒன்று மெல்லியதாக, ஒன்று கொஞ்சம் பிந்தி. இப்படிப் பிந்தவைக்கும் ஸ்விங்கை 55 சதவீதத்தில் வைத்தேன். கார்டுகள் எஃப் மேஜர் 7, ஈ மைனர் 7, ஏ மைனர் 9. மகிழ்ச்சியா சோகமா என்று முடிவெடுக்காமல் நழுவும் வரிசை இது. அந்த முடிவை மேலே வருகிற வாத்தியம் எடுத்துக்கொள்ளட்டும் என்று விட்டுவிட்டேன்.

வேகத்தைப் பற்றி ஒரு வார்த்தை. ஆஃப்ரோபீட்ஸ் பெரும்பாலும் 95இலிருந்து 115க்குள் நிற்கும். கேட்கச் சின்ன இடைவெளி மாதிரித் தெரியும். 96இல் இடுப்பு ஆடும், கால் நகராது. 112இல் கால் நகர்ந்தே ஆக வேண்டும். நான் 102இல் வைத்தது இரண்டுக்கும் நடுவில் இருக்கட்டும் என்ற கோழைத்தனத்தால்தான். அது பின்னால் என்னைக் கடித்தது, சொல்கிறேன்.

முதலில் கிட்டார்.

இந்த இசையில் கிட்டார் விருந்தாளி இல்லை, வீட்டுப் பெரியவர். லைபீரியாவின் க்ரூ இனத்து மாலுமிகள் கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் மட்டும் வைத்து ஒரு வாசிப்பு முறையை உருவாக்கி மேற்கு ஆப்பிரிக்கத் துறைமுகங்கள் முழுக்கப் பரப்பினார்கள். கள்ளுக்கடைகளில் வாசித்ததால் அதற்குப் பாம் ஒயின் (கள்) இசை என்றே பெயர். (நம் பனை இல்லை; அங்கே எண்ணெய்ப் பனையும் ராஃபியாவும்.) 1928இல் குமாசி ட்ரியோ என்ற மூவர் குழு கானாவிலிருந்து லண்டன் போய்ப் பதிவு செய்த 'யா அம்போன்சா'வின் கிட்டார் ஓட்டம்தான் ஹைலைஃப் என்ற நடன இசைக்கே அரிச்சுவடி. பிறகு கிழக்கு நைஜீரியாவில் ஒசிடா ஒசடேபே, ஓரியண்டல் பிரதர்ஸ் போன்றவர்கள் அதை நீட்டி முழக்கினார்கள். அவர்களுடைய பதிவுகளில் இரண்டு மூன்று கிட்டார்கள் இருக்கும். யாரும் கார்டு அடித்துக்கொண்டு நிற்க மாட்டார்கள். ஒன்று நிறுத்தும் இடத்தில் இன்னொன்று புகும், கூடை முடைகிற மாதிரி.

முதலில் கீபோர்டில் கிட்டார் சாம்பிளை (முன்பே பதிவு செய்து வைத்த ஒலியை) வைத்து முயன்றேன். முதல் சுற்று பிரமாதம். மூன்றாவது சுற்றில் தெரிந்துவிட்டது. ஒவ்வொரு ஸ்வரமும் ஒவ்வொரு முறையும் ஒரே மாதிரி. ஏற்கெனவே கார்டு திரும்பத் திரும்ப வருகிறது, அதன் மேல் இன்னொரு எந்திரம். தெருவில் ஒரு தம்பி இருக்கிறான், சர்ச்சில் வாசிப்பவன். அவனைக் கூப்பிட்டேன். லாகோஸிலும் பல தயாரிப்பாளர்கள் சர்ச்சில் வாத்தியம் பழகியவர்கள்தான், அந்த ஒற்றுமையில் எனக்கு ஒரு நம்பிக்கை.

அவன் முதலில் செய்தது எல்லோரும் செய்யும் தப்பு: ஒவ்வொரு வரியையும் பாரின் முதல் அடியில் எடுத்தான். அது சினிமாப் பாட்டு கிட்டாராகப் போய்விட்டது. "தம்பி, எடுப்பைத் தள்ளு. முதல் அடியை பேஸுக்கு விட்டுக்கொடு" என்றேன். அரை எண்ணிக்கை தள்ளி எடுத்ததும் முகம் மாறியது, ட்ராக்குக்கும் அவனுக்கும். அப்புறம் மூன்றாம் ஸ்வரம், ஆறாம் ஸ்வரம் என்று ஜோடி ஜோடியாக, கழுத்தின் மேல் பகுதியில், கம்பியை உள்ளங்கையால் லேசாக அமுக்கி வாசித்தான். சத்தம் சுத்தமாக இருக்க வேண்டும், டிஸ்டார்ஷன் கூடவே கூடாது. ஒரு துளி கோரஸ் (ஒலியைத் தடிமனாக்கும் எஃபெக்ட்), கம்ப்ரஷன் (சத்தத்தின் ஏற்ற இறக்கத்தைச் சமப்படுத்துவது), அவ்வளவுதான். பிறகு இரண்டாவது கிட்டார், முதல் கிட்டார் மூச்சுவிடும் இடங்களில் மட்டும். ஒன்று இடக் காதுக்கு, ஒன்று வலக் காதுக்கு. நான்கு பார் வாசித்து நகலெடுக்காமல் மூன்று நிமிடமும் முழுசாக வாசிக்கவைத்தேன். அலுத்துக்கொண்டான். ஆனால் பதினோராவது சுற்றில் கை வலித்து அவன் ஒரு ஸ்வரத்தைத் தவறவிட்ட இடம்தான் இப்போது ட்ராக்கிலேயே அழகான இடம்.

கிட்டார் கொடுக்கிற மூட் என்ன? எல்லா வேலையும் முடிந்து திண்ணையில் உட்கார்ந்திருக்கிற சாவகாசம். கீழே கார்டு மைனர், மேலே கிட்டார் மேஜர் பக்கம் சாய்ந்து சிரிக்கிறது. கண்ணில் ஈரத்தோடு சிரிப்பதுபோல ஒரு சாயல். பாடகரின் இடத்தை அது நிரப்பவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். அந்த இடம் காலியாக இருக்கிறது என்பதே நமக்கு மறந்துபோகிறது. குறையும் உண்டு. உச்சம் என்று எதுவும் இல்லை. ஆரம்பத்தில் எப்படி இருந்ததோ முடிவிலும் அப்படியே இருக்கிறது. ஆட வந்தவர்கள் "எப்போ ஆரம்பிக்கும்?" என்று கேட்பார்கள்.

இரண்டாவது சாக்ஸபோன். காகிதத்தில் பார்த்தால் இதுதான் முதலில் வர வேண்டும், குரலுக்கு இதைவிட நெருங்கிய வாத்தியம் எது? பரம்பரையும் இருக்கிறது. அக்ராவில் ஹைலைஃப் அரசர் என்று பெயர் வாங்கிய இ. டி. மென்சா ட்ரம்பெட்டும் சாக்ஸும் வாசித்தவர். ஃபேலாவும் தானே சாக்ஸ் வாசித்தார். அதனால் ஆசையாகத்தான் முயன்றேன்.

சாம்பிள் சாக்ஸைப் பற்றிப் பேசவே வேண்டாம். மூச்சு இல்லாத சாக்ஸ் கார் ஹாரன் மாதிரி இருக்கிறது. ஒரு வாசிப்பாளரைப் பிடித்து இரண்டு மணிநேரம் பதிவு செய்தேன். அருமையாக வாசித்தார், அதுதான் சிக்கல். எட்டாவது பாரில் ஆரம்பித்து நிறுத்தவே இல்லை. பீட்டைக் கேட்க முடியவில்லை, அவரைத்தான் கேட்க முடிந்தது. பெரிய ஓட்டலின் வரவேற்பறையில் காத்திருக்கிற உணர்வு வந்துவிட்டது. யோசித்துப் பார்த்தபோது காரணம் பிடிபட்டது. ஃபேலாவின் பாட்டில் குரல் வருவதற்கே பல நிமிடங்கள் ஆகும். அதுவரை வாத்தியங்கள்தான். ஒரு சாக்ஸ் வரி மெதுவாகத் தொடங்கி, சுற்றி வந்து, சூடேறி, வெடிப்பதற்கு அங்கே இடம் இருந்தது. என்னிடம் இருப்பது மொத்தமே மூன்று நிமிடம். அங்கே பந்தி முழுவதும் பரிமாறிய வாத்தியத்தை இங்கே ஒரு கரண்டியில் அடக்கப் பார்க்கிறேன்.

அவர் வாசித்ததில் தொண்ணூறு சதவீதத்தை அழித்துவிட்டு, ஒவ்வொரு எட்டு பாரின் கடைசியிலும் இரண்டே எண்ணிக்கைக்கு வரும் ஒரு பதிலை மட்டும் வைத்தேன். உடனே உயிர் வந்தது. சாக்ஸ் தலைமை தாங்க வேண்டாம், "ம்" கொட்டினால் போதும். இரவு, நகரம், கொஞ்சம் பணக்காரத்தனம் என்று ஒரு மூட் கிடைக்கிறது. காதல் காட்சிக்கு, இரவுக் கார் பயணத்துக்குப் பொருந்தும். ஆனால் பத்து நொடி சத்தத்துக்காக ஒரு கலைஞருக்கு இரண்டு மணிநேரச் சம்பளம். கணக்குப் பார்க்கிறவர்களுக்கு இது வேண்டாம்.

மூன்றாவது லாக் டிரம். பெயரைப் பார்த்து மரக்கட்டையைத் தேடாதீர்கள். தென்னாப்பிரிக்காவின் கௌட்டெங் மாகாணத்து டவுன்ஷிப் எனப்படும் கறுப்பினக் குடியிருப்புகளில் பிறந்த அமாபியானோ இசையின் பேஸ் இது. எஃப்எல் ஸ்டூடியோ மென்பொருளில் டிஎக்ஸ்10 என்ற பழைய கருவியின் சத்தத்தைத் திருகித் திருகி எடுத்தது. பேஸ் மாதிரி ஸ்வரமும் உண்டு, முரசு மாதிரி அடியும் உண்டு. ஒரு ஸ்வரத்திலிருந்து இன்னொன்றுக்கு வழுக்கிக்கொண்டு போகும். நைஜீரியாக்காரர்கள் அதை அப்படியே அள்ளிக்கொண்டார்கள். 2022இல் மேஜிக்ஸ்டிக்ஸ் தயாரிப்பில் பாடகர் அசாகே வெளியிட்ட முதல் ஆல்பம், கூட்டுக்குரலும் லாக் டிரமும் சேர்ந்தால் லாகோஸ் எப்படி இருக்கும் என்று காட்டியது. அதற்குப் பிறகு கொஞ்ச காலம் லாக் டிரம் இல்லாத நைஜீரியப் பாட்டைத் தேட வேண்டியிருந்தது. தென்னாப்பிரிக்க ரசிகர்கள் கடுப்பானதில் நியாயம் உண்டு. அவர்கள் ஊரில் ட்ராக் ஆறேழு நிமிடம் ஓடும். லாக் டிரம் உடனே வராது, காக்கவைக்கும். அந்தக் காத்திருப்புதான் அதன் ருசி. அதை முதல் பாரிலேயே கொட்டுவது பாயசத்தை முதலிலேயே ஊற்றுகிற மாதிரி.

செலவு ஒன்றும் இல்லை, யாரையும் கூப்பிட வேண்டாம், ஒரே மாலையில் வேலை முடிந்தது. பாடகரின் இடத்தைப் பிடிக்கும் விதமும் வேறு. நடுவில் வந்து நிற்காமல் கீழேயிருந்து தரையையே ஆட்டுகிறது. கேட்கிறவருக்கு நடுவில் ஆள் இல்லை என்று யோசிக்க நேரம் இருக்காது.

சிக்கல்கள் இரண்டு. ஒன்று கிக்குடன் சண்டை. என் ட்ராக்கின் ஏ ஸ்வரம் கீழே 55 ஹெர்ட்ஸ், கிக்கின் பலமும் ஏறத்தாழ அங்கேயேதான். இரண்டும் ஒரே நேரத்தில் விழுந்தால் இரண்டும் போய்விடுகிறது, ஒரு மழுங்கிய 'தொப்' மட்டும் மிச்சம். கிக்கின் வாலை வெட்டிச் சின்னதாக்கி, அது விழும் கணத்தில் லாக் டிரம்மை அமுக்கும்படி சைட்செயின் போட்டேன். இன்னொன்று ஃபோன் ஸ்பீக்கர். 100 ஹெர்ட்ஸுக்குக் கீழே அதில் கிட்டத்தட்ட ஒன்றும் கேட்காது. என் அம்மா கேட்டுவிட்டு "நடுநடுவே நின்னு நின்னு போகுதே" என்றார். அவருக்கு லாக் டிரம் வருகிற இடமெல்லாம் மௌனம். கொஞ்சம் சாச்சுரேஷன் (ஒலியை லேசாகச் சிதைப்பது) ஏற்றினால் மேல் ஒலிகள் பிறந்து, சின்ன ஸ்பீக்கரிலும் அதன் நிழலாவது கேட்கும். ஹெட்ஃபோனில் மட்டும் கேட்டு மிக்ஸ் செய்கிறவர்கள் தப்பாமல் மாட்டும் இடம் இது.

நான் கோழைத்தனமாக வைத்த 102 இங்கேதான் கடித்தது. லாக் டிரம் 112 பக்கம் பிறந்த சத்தம். 102இல் அது நடக்கவில்லை, மூட்டை தூக்கிக்கொண்டு ஏறுகிறது. வேண்டுமென்றே அப்படிக் கனமாகச் செய்கிறவர்களும் இருக்கிறார்கள், எனக்கு அது பிடிக்கவில்லை.

நான்காவது டாக்கிங் டிரம். நம் உடுக்கையைப் போலவே இடை சிறுத்தது, கயிற்றை அமுக்கினால் சுருதி ஏறும், தளர்த்தினால் இறங்கும். நைஜீரியாவின் யொருபா மக்களின் முரசு இது. யொருபா மொழியில் உயர்ந்த, நடு, தாழ்ந்த என்று மூன்று தொனிகள். தொனி மாறினால் சொல்லின் பொருளே மாறும். முரசு அந்தத் தொனிகளை வாசிப்பதால் நிஜமாகவே வாக்கியம் பேசுகிறது: பழமொழி, பட்டப்பெயர், வாழ்த்து. தமிழில் பறை என்ற சொல்லுக்குப் பேசு என்றும் பொருள் இருப்பதை நினைத்துக்கொண்டேன். அப்படியானால் பாடகரின் இடத்துக்கு இதைவிடத் தகுதியானவர் யார்? ஆனால் என்னிடம் இருந்தது ஏதோ தொகுப்பில் கிடைத்த லூப்கள். யாரோ ஏதோ சொன்னதைத் துண்டு துண்டாக வெட்டி என் தாளத்துக்கு ஒட்டினேன். கேட்க ஜோராகத்தான் இருந்தது. யொருபா தெரிந்த ஒருவர் காதில் அது என்னவாக விழும்? தமிழ் தெரியாத ஒருவர் நம் வசனங்களை வெட்டி ஒட்டினால் நமக்கு எப்படி இருக்குமோ அப்படி. வாசிக்கத் தெரிந்தவர் பக்கத்தில் இருந்தால் இது முதல் தேர்வு. எனக்கு இல்லை. அறிமுகத்தில் ஒரே ஒரு ஏறுகிற ஒலியை மட்டும் வைத்துக்கொண்டு மீதியை எடுத்துவிட்டேன்.

குரல் துண்டுகளை வைத்து ஒப்பேற்றுவது என்று ஐந்தாவது வழி ஒன்று இருக்கிறது. "ஏ", "ஓ" என்று வெட்டிய குரல்களைத் தெளிப்பது. அது பாடகர் வராத கல்யாணக் கச்சேரியில் மைக் டெஸ்ட் செய்கிற மாதிரி. வேண்டாம்.

சரி, யார் எதைத் தேர்ந்தெடுப்பது? பீட்டைப் பிறகு ஒரு பாடகருக்கு விற்கப்போகிறீர்கள் என்றால் இந்த நான்கும் தேவையில்லை, அந்த இடத்தைக் காலியாகவே விடுங்கள். அவர் வந்து நிற்க வேண்டிய இடத்தில் சாக்ஸை நிறுத்திவிட்டால் யாரும் வாங்க மாட்டார்கள். வீடியோவுக்குப் பின்னால் ஓடவோ, வேலை செய்துகொண்டே கேட்கவோ என்றால் கிட்டார், இரண்டாவது யோசனையே வேண்டாம். வேகம் 98இலிருந்து 104. நடன வகுப்புக்கு என்றால் லாக் டிரம். ஆனால் வேகத்தை முதலிலேயே 110க்கு மேல் வைத்து ஆரம்பியுங்கள், பிறகு ஏற்றலாம் என்று என்னைப் போல நினைக்காதீர்கள். சாக்ஸ் ஒரு மசாலா; தனியாகச் சாப்பிட முடியாது.

எனக்கு வேண்டியது கேட்கவும் ஆடவும் ஆகிற ஒன்று. அதனால் கிட்டார்தான் தலைமை, கடைசி பதினாறு பாரில் மட்டும் லாக் டிரம். இரண்டேகால் நிமிடம் திண்ணையில் உட்காரவைத்துவிட்டு அப்புறம் எழுப்பிவிடுகிற திட்டம். இரண்டும் ஒத்துப்போக வேகத்தை 102இலிருந்து 105க்கு ஏற்ற வேண்டியிருந்தது. கம்ப்யூட்டரில் கிட்டாரை இழுத்துச் சுருக்கினேன். மூன்று பிபிஎம்தானே என்று நினைத்தேன். கம்பியைச் சுண்டும் அந்தச் சின்ன 'டிக்' மழுங்கிப்போனது. அது போனால் அந்தக் கிட்டாரில் மிச்சம் ஒன்றும் இல்லை.

தம்பியிடம் மறுபடி மூன்று நிமிடமும் வாசிக்க வேண்டும் என்று சொன்னேன். பதினோராவது சுற்றில் விட்ட ஸ்வரத்தை இந்த முறையும் விட வேண்டும் என்பதையும் சொன்னேன். ஒரு மாதிரிப் பார்த்தான். ஞாயிற்றுக்கிழமை சர்ச் முடிந்ததும் வருகிறானாம்.